அக்கா அழுத மெட்டு

என் கீபோர்டில் பாட்டின் வேகத்தைக் கூட்ட ஒரு பொத்தானும் குறைக்க ஒரு பொத்தானும் உண்டு. கூட்டுகிற பொத்தான் தேய்ந்து வழுவழுவென்று ஆகிவிட்டது. குறைக்கிற பொத்தான் கடையிலிருந்து வந்த மாதிரியே இருக்கிறது. கல்யாணம், காதுகுத்து, கூழ் ஊற்றுகிற திருவிழா, தேர்தல் கூட்டம், எதற்குப் போனாலும் "இன்னும் கொஞ்சம் ஏத்துங்க" என்றுதான் கேட்பார்கள். இத்தனை வருசத்தில் இறக்கச் சொன்னவர்கள் மிகக் கம்மி. ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் சாப்பிட்ட கையோடு அந்தக் குறைக்கிற பொத்தானை அழுத்தினேன். அன்றைக்குப் பிடித்த பயம் இன்னும் முழுசாக விடவில்லை.

அழுத்தச் சொன்னவள் என் அக்காவின் பேத்தி. அவளுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. வரவேற்பன்று மண்டப வாசலிலிருந்து மேடைவரை அவள் நடந்து வருவாளாம். கேமராக்காரர் அவளைப் படம் பிடித்தபடி பின்னாலேயே நடப்பாராம். அதற்கு நான் கட்டிய பாட்டுதான் வேண்டும் என்று போன் பண்ணினாள்.

"சின்னாயா, உன் மாப்ள பாட்டு இருக்குதுல்ல, அதையே ஸ்லோவா வாசி. பாட வேணாம், மியூசிக் மட்டும். நான் அப்டியே மெதுவா நடந்து வருவேன்."

"ரொம்ப மெதுவா நடக்காதடி. அதுக்குள்ள மாப்ள மனசு மாறிடப் போறாரு."

"அவரு மாற மாட்டாரு. நீ மாத்தி வாசிக்காம இருந்தா போதும்."

போனை வைத்துவிட்டு, கீபோர்டுக்குள்ளேயே பதிந்து வைத்திருந்த அந்தப் பாட்டை ஓட விட்டேன். தாளத்தை அணைத்தேன். மெட்டு மட்டும் ஓடியது. வேகம் நூற்று முப்பதில் இருந்தது. குறைத்துக்கொண்டே வந்தேன். நூற்றுப்பத்தில் குதிப்பு நின்றது. தொண்ணூறில் தாலாட்டு மாதிரி இருந்தது. எழுபதுக்கு வந்தபோது முதல் வரி போயிற்று, இரண்டாவது வரி போயிற்று, மூன்றாவது வரி மேலே ஏறி, அங்கேயே மூச்சுப் பிடித்து நின்று, உடைந்து கீழே இறங்கியது.

என் கை தானாகப் போய்ச் சுவிட்சை அணைத்தது.

அது என் பாட்டு இல்லை. எட்டு வருசத்துக்கு முன்னால், செத்துக் கிடந்த தன் மகனின் தலைமாட்டில் உட்கார்ந்து என் அக்கா அழுத அழுகை. வெள்ளிமலையிலிருந்து மரவள்ளிக் கிழங்கு ஏற்றிக்கொண்டு இறங்கிய மினி லாரி ஒரு வளைவில் கவிழ்ந்து அவன் போனான். கல்யாணப் பெண் அந்த மகனுடைய மகள்.

சாவில்லாத வீட்டில் விளையாட்டுக்குக்கூட ஒப்பாரி இழுக்கக் கூடாது. சின்ன வயதில் நான் ஒரு நாள் பாத்திரம் தேய்த்துக்கொண்டே இழுத்ததற்கு அம்மா ஈரக் கையோடு வாயிலேயே போட்டாள். அப்படி அடிபட்டவள்தான், கல்யாண மண்டபம் கல்யாண மண்டபமாகப் போய், தாலி கட்டிய ஈரம் காயாத பெண்களின் எதிரில் இதை வாசித்திருக்கிறேன். அவர்களும் கைதட்டி ஆடியிருக்கிறார்கள்.

நான் வாசிக்க வந்ததே ஒரு விபத்து. என் வீட்டுக்காரர் கள்ளக்குறிச்சியில் மைக் செட் வைத்திருந்தார், கூடவே ஒரு ஆர்க்கெஸ்ட்ராவும். தியாகதுருகத்தில் திருவிழாக் கச்சேரி. கீபோர்டு வாசிக்கிறவனுக்கு அன்றைக்கென்று சென்னையில் ஒரு வாய்ப்பு வந்து, சொல்லாமல் பஸ் ஏறிவிட்டான். இவர் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். வீட்டில் கீபோர்டைத் துடைத்து வைப்பது என் வேலை. துடைக்கிற சாக்கில் நான் வாசிப்பேன் என்பது அவருக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருந்தார். அன்றைக்குத் தெரிந்த மாதிரி ஆகிவிட்டார்.

நான் நாலாவது வரைக்கும் படித்தவள். எந்தக் கட்டைக்கு என்ன பெயர் என்று தெரியாது. அதனால் நெற்றிக்கு வாங்கிய ஸ்டிக்கர் பொட்டுகளைக் கட்டைகளில் ஒட்டிக்கொண்டேன். ஆரம்பிக்கிற இடத்துக்குச் சிவப்பு, போய் நிற்கிற இடத்துக்குப் பச்சை. கச்சேரி நடுவில் வேர்வையில் ஒரு பொட்டு விரலோடு வந்துவிட்டது. மீதிப் பாட்டை அந்தக் கட்டை பக்கமே போகாமல் வாசித்து முடித்தேன். ஊரே விசில் அடித்தது. அன்றைக்குத் தெரிந்துகொண்டேன், ஜனங்களுக்குக் காது கொஞ்சம் கம்மி, மனசு கொஞ்சம் ஜாஸ்தி.

எனக்கு இன்றைக்கும் ஒரே சுருதியில்தான் வாசிக்கத் தெரியும். பாடுகிறவர் வேறு சுருதியில் நின்றால் டிரான்ஸ்போஸ் பொத்தானை அழுத்தி முழுக் கீபோர்டையும் அவர் உயரத்துக்குத் தூக்கிவிடுவேன். என் வீட்டுக்காரர் போன பிறகும் என் பிழைப்பு நின்றுவிடவில்லை. கள்ளக்குறிச்சியிலும் சேலத்திலும் முட்டை அட்டையைச் சுவரில் ஒட்டிய சின்னச் சின்ன ஸ்டுடியோக்கள் இருக்கின்றன. கூப்பிட்டால் போவேன். சாமி பாட்டு, கட்சிப் பாட்டு, வளைகாப்புப் பாட்டு, ஜவுளிக்கடை விளம்பரம், எதற்கு வேண்டுமானாலும் வாசித்துக் கொடுத்துவிட்டு டீ குடித்துவிட்டு வருவேன். பிறகு பாட்டும் கட்ட ஆரம்பித்தேன். மெட்டு எங்கிருந்து வருகிறது என்று நான் யோசித்ததே இல்லை. குழாயைத் திறந்தால் தண்ணீர் வருகிறது. ஏரியைப் போய் எவள் பார்க்கிறாள்?

மாப்பிள்ளைப் பாட்டும் அப்படித்தான் வந்தது. காலையில் பத்து மணிக்கு ஸ்டுடியோக்காரர் போன் பண்ணினார்.

"ஆயா, சின்னசேலத்துல இருந்து பாடுற தம்பி வந்து உக்காந்துகினு இருக்காரு. கல்யாணத்துக்கு ஆடுற மாதிரி ஒரு பாட்டு வேணுமாம். மெட்டு குடுக்கறேன்னவரு போனே எடுக்க மாட்றாரு. நீங்கதான் காப்பாத்தணும்."

"எப்பங்க வேணும்?"

"பன்னெண்டுக்கு அவருக்கு ரயிலு."

ஷேர் ஆட்டோவில் போகும்போதே மெட்டு வந்துவிட்டது. ஸ்டுடியோ மாடிப்படி ஏறும்போது வார்த்தையும் வந்துவிட்டது. 'மாப்ள வந்தாரு மீசைய முறுக்கிக்கினு, மாமியாரப் பாத்ததும் நின்னாரு சுருங்கிக்கினு' என்று ஆரம்பிக்கும். நாற்பது நிமிசத்தில் வேலை முடிந்தது. இவ்வளவு சுலபமாக வருகிறதே என்று அன்றைக்கு எனக்கு ஒரே பெருமை. சுலபமாக வந்ததே என்று அன்றைக்கே பயந்திருக்க வேண்டும்.

அந்தப் பாட்டு பிய்த்துக்கொண்டு ஓடியது. பஸ்ஸில், ஆட்டோவில், செல்போனில், உளுந்தூர்பேட்டை தாண்டித் திருநாவலூர் கோயில் தெருவில்கூட ஒரு சின்னப் பெண் அதற்கு ஆடிக் காட்டினாள். நான் திருட்டுப் பொருளைத் தெருவெல்லாம் விற்றுக்கொண்டிருந்திருக்கிறேன், எனக்கே தெரியாமல்.

அந்தச் செவ்வாய்க்கிழமைக்குப் பிறகு சோறு இறங்கவில்லை. நான் அந்தப் பாட்டை வாசித்த கல்யாணங்களை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தேன். ஒரு பெண் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு உடைந்தது. ஒரு பையன் வேலையை விட்டு நின்றான். ஒரு ஜோடி பேச்சுவார்த்தை இல்லாமல் இருப்பதாகக் கேள்வி. அந்தப் பாட்டு வாசிக்காத கல்யாணங்களிலும் இதெல்லாம் நடந்திருக்கிறது. ஆனால் பயந்தவளுக்கு அந்தப் பக்கம் கண் போகாது.

இதை எல்லாம்விடப் பெரிய பயம் அக்கா.

அக்காவுக்கு வீடு கச்சிராயபாளையத்தைத் தாண்டி, மலையடிவாரத்தில், சோளக்கொல்லைக்கு நடுவில் தனியாக இருக்கிறது. மகன் போன பிறகு அவள் ஒரு கல்யாணத்துக்கும் போகவில்லை, ஒரு திருவிழாவிலும் நிற்கவில்லை. வைத்திருப்பது பொத்தான் போன். பஸ் ஏறினால் கண்ணை மூடிக்கொள்வாள். அதனால் அந்தப் பாட்டை அவள் கேட்டிருக்க மாட்டாள் என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன். ஆனால் பேத்தி கல்யாணத்துக்கு வராமல் இருப்பாளா? முதல் வரிசையில் உட்கார வைப்பார்கள். அங்கே உட்கார்ந்து அவள் தன் அழுகையைக் கேட்பாள். அதற்குப் பேத்தி பட்டுப்புடவையோடு நடந்து வருவாள். வாசிக்கிறது கூடப் பிறந்தவள். அதற்குப் பிறகு அவள் என் முகத்தைப் பார்ப்பாளா? அப்பா அம்மா இல்லை, வீட்டுக்காரர் இல்லை, எனக்கு என்று மிச்சம் இருப்பது அவள் ஒருத்திதான்.

நான் தந்திரக்காரி. முதலில் பேத்திக்குப் போன் பண்ணி, மெதுவாக வாசித்தால் அந்தப் பாட்டு எடுபடவில்லை, வேறு ஒன்று கட்டித் தருகிறேன் என்றேன்.

"வேற வேணாம் சின்னாயா. அதான் வேணும்."

"என் கீபோர்டு சரியில்லடி. இழுக்குது."

"அப்டின்னா டிஜேகிட்ட சொல்லி அந்தப் பாட்டையே போட்டுக்கறேன். அவரு வேகத்தக் கம்மி பண்ணித் தரேன்னாரு."

 டிஜே போட்டால் மூன்று நிமிசம் முழுசாக, எழுபதில், பெரிய பெரிய ஸ்பீக்கரில் ஓடும். யாரோ போடுவதைவிட நானே வாசித்துவிட்டால் என் கையில் இருக்கும் என்று தோன்றியது. "கீபோர்டு சரியாயிடுச்சிடி" என்றேன்.

அதன் பிறகு கல்யாணத்துக்கு இருந்த பத்து நாளும் வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு அந்த மெட்டுக்கு வேசம் கட்டினேன். வேகத்தை நூற்று நாற்பதுக்கு ஏற்றினேன். சுருதியை நாலு படி தூக்கினேன். புல்லாங்குழல் சத்தத்தை எடுத்துவிட்டுக் கிணுகிணுவென்று மணிச் சத்தம் வைத்தேன். எல்லாவற்றுக்கும் மேல், அந்த மூன்றாவது வரியை வெட்டி எறிந்தேன். இரண்டாவது வரி முடிந்ததும் நேராக நாலாவதுக்குத் தாவல். மீசை மழித்து, தலைக்குச் சாயம் அடித்து, ஊர் விட்டு ஊர் போகிறவன் மாதிரி ஆக்கிவிட்டேன். பெற்றவளுக்கே அடையாளம் தெரியாது என்று நினைத்தேன்.

வரவேற்பு கள்ளக்குறிச்சியில் ஒரு மண்டபத்தில், சாயங்காலம். அக்கா ஊதா நிறப் புடவையில் வந்து, நேராக என் கீபோர்டு பக்கத்தில் நின்றாள். எட்டு வருசம் கழித்து அவளைப் பூவோடு பார்க்கிறேன்.

"ஏண்டி கெழவி, இன்னும் எத்தினி நாளைக்கு இந்தப் பலகையத் தட்டிக்கினு இருப்ப?"

"நீ பல்லு கட்டற வரைக்கும்தான்க்கா."

"எனக்கு எதுக்குடி பல்லு? உன்னமாரி மேடைல ஏறி இளிக்கவா போறேன்?" என்றவள், என் கையைப் பார்த்தாள். "இன்னாத்துக்கு இப்டி நடுங்குது?"

"ஏசிக்கா."

"ஏசி எங்கடி இருக்குது? பேனே சுத்தல."

போய் முதல் வரிசையில் உட்கார்ந்தாள். வாசலில் பேத்தி தயாராக நின்றாள். நான் ஆரம்பித்தேன். மெதுவாக இல்லையே என்று அவள் தூரத்திலிருந்தே என்னை முறைத்தது தெரிந்தது. முறைத்துக்கொண்டே, வேறு வழியில்லாமல், தோழிகளோடு ஆடிக்கொண்டே வர ஆரம்பித்தாள். நான் அவளைப் பார்க்கவே இல்லை. அக்காவைத்தான் பார்த்தேன். முதல் வரி. அக்கா சிரித்துக்கொண்டிருந்தாள். இரண்டாவது வரி. கால் கட்டைவிரலால் தரையைத் தட்டினாள். தப்பித்தோம் என்று நினைத்து, மூன்றாவதைத் தாண்டி நாலாவதுக்குத் தாவினேன்.

மண்டபம் என்னோடு தாவவில்லை. அந்தப் பாட்டு அங்கே ஒவ்வொருவருக்கும் மனப்பாடம். ஆயாவுக்கு வரி மறந்துவிட்டது என்று நினைத்து, எனக்கு எடுத்துக் கொடுக்கிற மாதிரி, பெண்களும் பிள்ளைகளுமாக எல்லாரும் ஒரே குரலில் அந்த மூன்றாவது வரியைப் பாடினார்கள். மேலே ஏற்றி, நிறுத்தி, இறக்கினார்கள்.

அக்காவின் வலது கை மடியிலிருந்து எழுந்தது. விரித்த உள்ளங்கை நெஞ்சில் ஒரு தரம் விழுந்தது. பிறகு இன்னொரு தரம். சாவு வீட்டில் விழுகிற அதே இடைவெளியில். அவள் முகத்தில் சிரிப்பு அப்படியே இருந்தது, கை மட்டும் வேறு எங்கோ இருந்தது.  கட்டையிலிருந்து என் கையை எடுத்துவிட்டேன். நான் நிறுத்தியும் பாட்டு நிற்கவில்லை, கைதட்டலில் ஓடிக்கொண்டே இருந்தது. அக்கா எழப் பார்த்து, முடியாமல், நாற்காலியில் சாய்ந்தாள்.

யாரோ சோடா கொண்டு வந்தார்கள். யாரோ விசிறினார்கள். "ஒன்னுமில்ல, நெஞ்சு படபடங்குது" என்று சொன்னாள். பேத்தி மேடை ஏறிவிட்டாள். அவளுக்கு எதுவும் தெரியாது.

அக்கா கண்டுபிடித்துவிட்டாள் என்றுதான் நினைத்தேன். அவள் கண்டுபிடிக்கவில்லை. அது இன்னும் மோசமாக இருந்தது. மூன்றாவது நாள் அவளே போன் பண்ணினாள். "என்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கினு போடி. எனக்கு ஹார்ட்டுல இன்னாமோ இருக்குது."

ஆஸ்பத்திரியில் மார்பில் ஒயர் ஒட்டிப் படம் எடுத்தார்கள். டாக்டரம்மா அந்தக் காகிதத்தைப் பார்த்துவிட்டுக் கேட்டார்.

"எப்பல்லாம்மா இப்டி வருது?"

"ஒரு பாட்டு இருக்குதுங்க. அது கேட்டா வருதுங்க. கல்யாணத்துல வந்துச்சி. அதுக்கு மின்ன பஸ்ஸுல ஒரு தபா வந்துச்சி. தூக்கத்துல இருந்து முழிச்சிக்கிட்டேன்."

டாக்டரம்மா சிரித்துவிட்டார். "அப்ப அந்தப் பாட்டக் கேக்காதீங்க. படம் நல்லாத்தான் இருக்குது. வயசாவுது, எதுக்கும் சேலம் போயி இன்னொரு டெஸ்ட் எடுத்துடுங்க, எழுதித் தரேன்."

வெளியில் பெஞ்சில் வந்து உட்கார்ந்தோம். சேலம் என்று சொன்னதுமே அக்காவுக்கு முகம் செத்துவிட்டது. எங்கள் அப்பாவைச் சேலம் கொண்டு போய்த்தான் உயிரோடு திரும்பக் கொண்டு வரவில்லை. சீட்டை நாலாக மடித்தாள், எட்டாக மடித்தாள்.

"என் மவனுக்கு ஒரே அடியா நின்னு போச்சி, எனக்கு இழுத்துக்கினு போவப்போவுது. கறவ மாட்டப் பேத்திகிட்ட குடுத்துடு. கம்மல நீ போட்டுக்கோ. உனக்குத்தான் மேடைல ஆவும்."

"இன்னாக்கா பேசற நீ?"

"படம் நல்லா இருக்குதுன்னு வாயில சொல்றாங்க, சேலம் போன்னு கையில எழுதறாங்க. நான் இன்னா கொழந்தயா?"

நான் வாயைத் திறக்காமல் இருந்தால் அவள் சேலம் போவாள், எந்த மிசினிலும் ஒன்றும் தெரியாது, ஒன்றும் தெரியாததற்கே இன்னும் பயப்படுவாள். அந்தப் பாட்டு எங்கே கேட்டாலும் செத்துக்கொண்டிருப்பாள். திறந்தால் எனக்கு அக்கா இல்லை. அந்த நேரத்தில் எதிர்ப் பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஒரு பெண்ணின் போனில் அந்தப் பாட்டே மணியாக அடித்தது. அக்காவின் கை எழுந்தது.

"பாரு, வந்துடுச்சி" என்றாள். கண்ணில் தண்ணீர்.

"அக்கா, உனக்கு நெஞ்சுல ஒன்னும் இல்ல."

"நீ எப்ப டாக்டருக்குப் படிச்ச?"

"அந்தப் பாட்டு உன்னுதுக்கா."

"இன்னா என்னுது?"

"உன் மவன் கெடந்த அன்னைக்கு நீ அழுதது. அந்த மெட்ட நான் எடுத்துட்டேன். தெரிஞ்சி எடுக்கல. என் தலமேல அடிச்சி சொல்றேன், தெரிஞ்சி எடுக்கல. இப்பதான் எனக்கே தெரியும்."

அக்கா என்னைப் புரியாமல் பார்த்தாள். "நான் எங்கடி பாடுனேன்? நான் அழுதுக்கினுதான இருந்தேன்."

அழுகிறவளுக்குத் தன் மெட்டு தெரியாது. அதை நான் அதுவரை யோசித்திருக்கவில்லை. அவள் காதோடு குனிந்து, மெதுவாக, வார்த்தை இல்லாமல் முனகினேன். முதல் வரி. இரண்டாவது. மூன்றாவது மேலே ஏறும்போதே அவள் உள்ளங்கை நெஞ்சில் விழுந்தது. அந்தக் கையை அவள் குனிந்து பார்த்தாள், வேறு யாரோ அங்கே வைத்துவிட்டுப் போன கையைப் பார்க்கிற மாதிரி.

 வரிசையில் இரண்டு பேர் உள்ளே போய் வந்துவிட்டார்கள்.

"ஊரே ஆடுதே. ஒருத்தருக்கும் தெரியலயா?"

"தெரியலக்கா."

"அன்னைக்கு வூட்டுல அம்மாம் ஜனம் இருந்துச்சி. என்னைப் புடிச்சிக்கினு எத்தினி பேரு அழுதாங்க. ஒருத்தருக்குமா நெனப்பு இல்ல?"

"இல்லக்கா."

"உனக்கு மட்டும் இருந்திருக்குது."

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"நான் அழுதுக்கினு இருந்தேன்" என்றாள் அக்கா. குரலில் கோபம் இல்லை. சந்தேகம் கேட்கிற மாதிரிதான் கேட்டாள். "நீ மெட்டு கேட்டுக்கினு இருந்தியாடி?"

   அன்றைக்கு நானும் அழுதேன். அவன் என் மடியில் வளர்ந்த பிள்ளை. அழுகை பொய் இல்லை. ஆனால் மூன்றாவது வரியில் அவள் குரல் மேலே போய் நின்றபோது, எனக்குள் ஒருத்தி அழுகையை நிறுத்திவிட்டு "அடேயப்பா" என்றாள். அவள் எட்டிப் பார்த்தது அரை நிமிசம் இருக்கும். அவளை எனக்குத் தெரியும். என் வீட்டில் சோறு சாப்பிடுகிறவள் நான். சம்பாதித்துப் போடுகிறவள் அவள்.

அக்கா எழுந்தாள். எட்டாக மடித்த சேலம் சீட்டை என் கையில் வைத்து, விரல்களை மூடிவிட்டாள். "இத நீயே வெச்சிக்கோ." பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தாள். பின்னாலேயே நானும் போனேன். கச்சிராயபாளையம் பஸ்ஸில் எவளோ ஒரு பெண்ணின் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொண்டாள். நான் கடைசி சீட்டில். டிரைவர் வழி முழுக்கப் பாட்டுப் போட்டுக்கொண்டே வந்தார். ஒவ்வொரு பாட்டு முடியும்போதும் அடுத்தது எதுவோ என்று கம்பியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அது வரவில்லை. அவள் நிறுத்தத்தில் இறங்கினாள். திரும்பிப் பார்க்கவில்லை. அதே பஸ்ஸில் நான் திரும்பி வந்தேன்.

அதற்குப் பிறகு போன் பண்ணினால் அவள் எடுக்கவில்லை. பேத்தியிடம் கேட்டேன். "ஆயா நல்லாதான் இருக்குது, கெழங்கு புடுங்கிக்கினு இருக்குது. ஏன் சின்னாயா, சண்டையா?" என்றாள். சண்டை என்றால் நிம்மதியாக இருந்திருக்கும், நான் ஜெயித்துவிடுவேன். ஸ்டுடியோக்காரர் போன் பண்ணி, மாப்பிள்ளைப் பாட்டு மாதிரியே மாமியாருக்கு ஒன்று கட்டித் தரச் சொன்னார். விரலில் வீக்கம் என்று பொய் சொன்னேன். நிஜத்தில், கீபோர்டின் எதிரில் உட்கார்ந்தால் வருகிற மெட்டு ஒவ்வொன்றையும் பார்த்து, 'நீ யார் வீட்டுப் பிள்ளை?' என்று கேட்க ஆரம்பித்திருந்தேன். ஒன்றும் வாய் திறக்கவில்லை. ஒன்றையும் உள்ளே விடப் பயமாக இருந்தது.

இரண்டு மாசம் கழித்துத் தியாகதுருகத்துக்குப் பக்கத்தில் எங்கள் பெரியம்மா ஒருத்தி போய்விட்டாள். நூற்றை நெருங்கிய உடம்பு. காலையிலேயே போய்விட்டேன். சாமியானாவுக்குக் கீழே பெண்கள் வட்டமாக உட்கார்ந்து அழ ஆரம்பித்திருந்தார்கள். நான் ஓரமாக, கொஞ்சம் எட்டியே உட்கார்ந்தேன். பெரியம்மாவின் மருமகள் ஒப்பாரியை எடுத்தாள். சாதாரண நாளில் வாயே திறக்காதவள். அவள் இழுத்த இழுப்பு கீழேயே சுற்றிச் சுற்றி வந்து, யாரும் எதிர்பார்க்காத இடத்தில் ஒரு படி இறங்கியது. என் முதுகு நிமிர்ந்தது. முந்தானைக்குக் கீழே என் வலது கை விரல்கள் முழங்கால் மேல் கட்டைகளின் இடம் தேட ஆரம்பித்தன. நிறுத்து என்று சொன்னேன். நிற்கவில்லை.

பக்கத்தில் யாரோ வந்து உட்கார்ந்தார்கள். மருதாணி, மாட்டுக்கொட்டகை, வெற்றிலை, எல்லாம் சேர்ந்த வாசனை. திரும்பிப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. அக்கா என் முந்தானைக்குள் கையை விட்டு, என் இரண்டு கையையும் மணிக்கட்டோடு சேர்த்துப் பிடித்தாள். கிழங்கு பிடுங்குகிற கை. நகராது. அப்படியே இழுத்துத் தன் மடியில் வைத்து, தன் புடவைத் தலைப்பைப் போட்டு மூடினாள். பார்க்கிறவர்களுக்கு அக்காவும் தங்கையும் ஒருவரை ஒருவர் தேற்றிக்கொள்கிற மாதிரி இருந்திருக்கும்.

மருமகள் அடுத்த வரியை எடுத்தாள். அதே இடத்தில் இன்னும் ஒரு படி இறங்கினாள்.

அக்கா முகத்தைத் திருப்பாமல், உதடு அசையாமல் கேட்டாள். "கேக்குதா?"

"இல்லக்கா" என்றேன்.

"பொய் சொல்லாத" என்று இன்னும் இறுக்கினாள்.